பதிவேட்டில் ஒரு பெயர்: மஞ்சக்குப்பத்து மாடி அலுவலகம் பற்றி ஒரு மதிப்புரை

கடலூர் மஞ்சக்குப்பத்தில், நீதிமன்ற வளாகத்திலிருந்து நடந்துபோகும் தொலைவில், கீழே ஜெராக்ஸ் கடையும் மாடியில் மூன்று சிறு அறைகளுமாக இருக்கும் பழைய கட்டடம் ஒன்றில் இயங்கும் வழக்கறிஞர் அலுவலகத்தின் சேவையைப் பற்றி எழுதுகிறேன். நில வழக்கும் ஜீவனாம்ச வழக்கும் அங்கேயும் நடக்கின்றன. ஆனால் ஓமியோபதி, சித்த மருத்துவர்களுக்குப் பதிவுச் சான்று தொடர்பாக வரும் தகராறுகளைப் பார்ப்பவர்கள் என்றுதான் எங்கள் தொழிலில் இருப்பவர்களிடையே அவர்களுக்குப் பெயர். அந்தப் பெயருக்கு அவர்கள் எவ்வளவு பொருத்தமானவர்கள் என்பதை, ஏறத்தாழப் பத்து மாதங்கள் அந்தப் படிக்கட்டை ஏறி இறங்கிய ஓர் ஓமியோபதி மருத்துவர் என்ற முறையில் ஓரளவு சொல்ல முடியும்.

அலுவலகத்தின் பெயரை எழுதாததற்குக் காரணம் உண்டு. வழக்கறிஞர்கள் நேரடியாகவோ மறைமுகமாகவோ விளம்பரம் தேடிக்கொள்ளக் கூடாது என்கிறது இந்திய பார் கவுன்சிலின் 36ஆம் விதி. 2024 ஜூலையில் சென்னை உயர் நீதிமன்றம், இணையதளங்களில் வழக்கறிஞர்களைப் பட்டியலிட்டு, கட்டணம் குறித்து, தரம் போடும் வழக்கத்தைக் கடுமையாகவே கண்டித்தது. நான் பெயர் சொல்லிப் புகழ்ந்தால் அந்த வழக்கறிஞருக்கு இடைஞ்சல். பெயர் சொல்லிக் குறை கூறினால் எனக்கு இடைஞ்சல். ஆகவே நட்சத்திரமும் போடவில்லை, கைபேசி எண்ணும் தரவில்லை. தேவைப்படுபவர்கள் மஞ்சக்குப்பத்தில் விசாரித்தால் படிக்கட்டைக் காட்டிவிடுவார்கள்.

ஓமியோபதிப் பட்டப்படிப்பான பி.எச்.எம்.எஸ். நான் படித்தது கர்நாடகத்தில். நான்கரை ஆண்டுப் படிப்பையும் ஓராண்டு உள்ளுறைப் பயிற்சியையும் முடித்து, அந்த மாநிலப் பதிவேட்டிலேயே பெயரைப் பதிந்துகொண்டு, திருமணமாகிக் கடலூருக்கு வந்தபின் திருப்பாதிரிப்புலியூரில் பாடலீசுவரர் கோயிலுக்கு அருகில் ஓர் அறையை வாடகைக்கு எடுத்துக் கிளினிக் தொடங்கினேன். பதிவைத் தமிழ்நாட்டுக்கு மாற்றிக்கொள்ள வேண்டும் என்பது எனக்குத் தெரியும். அடுத்த மாதம் பார்த்துக்கொள்ளலாம் என்று தள்ளிப்போட்டே ஆறு ஆண்டுகள் ஓடிவிட்டன. இதில் வேறு யாரையும் குற்றம் சொல்வதற்கில்லை.

பிறகு ஒரு மொட்டைக் கடிதம் போயிருக்கிறது. பலகையில் உள்ள பெயர் வேறு, பட்டச் சான்றில் உள்ள பெயர் வேறு, பதிவு எண் வெளிமாநிலத்து எண், ஆகவே இவர் போலி மருத்துவர் என்பது அதன் சாரம். விளக்கம் கேட்டு எனக்கு வந்த அலுவலகக் கடிதம் மரியாதையாகவே எழுதப்பட்டிருந்தது; பதினைந்து நாள் அவகாசமும் தரப்பட்டிருந்தது. இருந்தாலும் அந்தக் கடிதத்தில் மேற்கோள் குறிகளுக்குள் இருந்த ‘போலி’ என்ற சொல் என்னைத் தூங்கவிடவில்லை. நலப்பணிகள் இணை இயக்குநரின் குழு காவல்துறையோடு வந்து கதவைத் தட்டுவதும், மறுநாள் நாளிதழில் மேசைமேல் மருந்துப் புட்டிகளைப் பரப்பி எடுத்த படத்தோடு செய்தி வருவதும் நம் மாவட்டங்களில் அடிக்கடி நடப்பவை. அவற்றில் பெரும்பாலானவை நியாயமான நடவடிக்கைகள் என்றே நானும் நினைத்திருந்தேன், இன்னமும் நினைக்கிறேன். ஆனால் சான்றிதழே இல்லாதவருக்கும், சான்றிதழ் இருந்தும் அதைச் சரியான அலமாரியில் வைக்காதவருக்கும் செய்தித்தாளில் ஒரே தலைப்புதான்.

முதல் சந்திப்பில் மூத்த வழக்கறிஞர் எனக்கு வந்த கடிதத்தைப் படிக்கவே இல்லை. ‘அது இருக்கட்டும், சான்றுகளை எடுங்கம்மா’ என்றார். நான் கொடுத்தவற்றைத் தேதி வரிசையில் மேசைமேல் அடுக்கி, ஒவ்வொன்றின் மேலும் ஒரு மர அடிக்கோலை வைத்துப் பெயர் வரியை மட்டும் படித்துக்கொண்டே வந்தார். பத்தாம் வகுப்புச் சான்றில் நம் ஊர் வழக்கப்படி அப்பாவின் இனிஷியல் என் பெயருக்கு முன்னால் இருந்தது. கர்நாடகப் பல்கலைக்கழகப் பட்டத்தில் இனிஷியலை விரித்து அப்பாவின் முழுப்பெயரை என் பெயருக்குப் பின்னால் போட்டிருந்தார்கள். ஆதார் அட்டையில் கணவரின் பெயர் ஒட்டிக்கொண்டிருந்தது. கிளினிக் பலகையிலோ, எழுதியவருக்கு இடம் போதாததால், எந்த ஒட்டும் இல்லாமல் என் பெயர் மட்டுமே இருந்தது. அடிக்கோலைக் கீழே வைத்துவிட்டு அவர் சொன்னார்: ‘ஒரு டாக்டரம்மா வந்திருக்கீங்கன்னு நினைச்சேன். நாலு பேர் வந்திருக்கீங்க.’

அதன்பிறகு அவர் விளக்கியதை இங்கே கொஞ்சம் விரிவாகவே எழுதுகிறேன், ஏனென்றால் என்னைப் போல் இதை முன்பே தெரிந்துகொள்ளாதவர்கள் இன்னும் பலர் இருப்பார்கள். 1973ஆம் ஆண்டின் ஓமியோபதி மத்திய மன்றச் சட்டம், எந்தெந்தப் பட்டங்களும் பட்டயங்களும் செல்லும் என்பதை இணைப்புப் பட்டியல்களில் வரிசைப்படுத்தியது. நம் நாட்டுக் கல்லூரிகளின் தகுதிகள் இரண்டாம் பட்டியலில் வந்தன. கல்லூரியின் பெயர் அந்தப் பட்டியலில் இருந்தால் போதும் என்று பலர் நினைக்கிறார்கள். ஆனால் பல பதிவுகளுக்கு எதிரே இந்த ஆண்டிலிருந்து அல்லது இந்த ஆண்டு வரை என்ற கால எல்லையும் உண்டு. ஒரே நிறுவனத்தில் ஒரே பட்டயம் வாங்கிய அண்ணனின் சான்று செல்லும், இரண்டு ஆண்டு கழித்து வாங்கிய தம்பியின் சான்று செல்லாது என்ற நிலை ஏற்படுவது இதனால்தான். பழைய டி.எச்.எம்.எஸ். பட்டயக்காரர்களின் தகராறுகளில் பல, சான்று உண்மையா பொய்யா என்பதைப் பற்றியவை அல்ல. அதிலுள்ள தேதியைப் பற்றியவை. அதனால்தான் அவர் தேதி வரிசையில் அடுக்கிப் பார்க்கிறார் என்பது எனக்குப் பிறகே புரிந்தது.

அதே சட்டம் ஒரு மத்தியப் பதிவேட்டையும் ஏற்படுத்தி, அதில் பெயர் உள்ளவர் தம் தகுதிக்கேற்ப இந்தியாவின் எந்தப் பகுதியிலும் ஓமியோபதித் தொழில் செய்யலாம் என்றது. தமிழ்நாட்டுக்கோ அதற்கு முன்பே, 1971இலேயே, தனிச் சட்டமும் பதிவேடும் உண்டு. மத்திய மன்றம் 2018 மே மாதம் ஓர் அவசரச் சட்டத்தால் விலக்கப்பட்டு, அதன் இடத்தில் ஆளுநர் குழு அமர்ந்தது. பிறகு 2020ஆம் ஆண்டின் தேசிய ஓமியோபதி ஆணையச் சட்டம் 2021 ஜூலை 5 அன்று நடைமுறைக்கு வந்தது. இப்போது தேசியப் பதிவேட்டைப் பார்த்துக்கொள்வது அந்த ஆணையத்தின் கீழுள்ள ஒழுக்கநெறி மற்றும் பதிவு வாரியம். அன்றாடப் பதிவு மாநில மன்றத்தின் கையில். இந்த மாற்றங்களுக்கு நடுவே ஒரு மாநிலத்தில் பதிந்து மற்றொரு மாநிலத்தில் கிளினிக் வைத்திருப்பவர், நாடு முழுவதும் செல்லும் என்ற அந்த வரியைப் பிடித்துக்கொண்டு உட்கார்ந்திருக்கிறார். நானும் அப்படித்தான் உட்கார்ந்திருந்தேன்.

‘இதை வெச்சு வாதாடலாம், ஜெயிக்கவும் செய்யலாம். ஆனா வழக்கு முடியற வரைக்கும் உங்க பலகையில என்ன நம்பரை எழுதுவீங்க?’ என்று அவர் கேட்டார். பதிவு எண்ணைப் பலகையிலும் மருந்துச் சீட்டிலும் காட்ட வேண்டும் என்பது எங்கள் தொழில் ஒழுக்க விதி. அந்தக் கேள்விக்கு என்னிடம் பதில் இல்லை.

இந்த அலுவலகத்தின் சிறப்பு என்று நான் கருதுவது இதற்கு அடுத்து நடந்தது. அவருடைய இளையவர் ஒருவர், முதல் நாளே என் தாள்களைப் பார்த்துவிட்டு, அரசியலமைப்பின் 226ஆம் பிரிவின் கீழ் உயர் நீதிமன்றத்தில் போட ஒரு ரிட் மனுவின் வரைவைத் தயாரித்திருந்தார். என் பெயரைத் தமிழ்நாட்டுப் பதிவேட்டில் சேர்க்குமாறு மாநில ஓமியோபதி மன்றத்துக்கு ஆணையிட வேண்டும் என்பது கோரிக்கை. பன்னிரண்டு பக்கம், நல்ல ஆங்கிலம், படிக்கவே உற்சாகமாக இருந்தது. மூத்தவர் முதல் பக்கத்தையும் கடைசிப் பக்கத்தையும் மட்டும் பார்த்துவிட்டுத் திருப்பிக் கொடுத்தார். இப்படிப்பட்ட ஆணை கேட்பதற்கு, நாம் ஓர் அலுவலகத்திடம் முறையாகக் கேட்டிருக்க வேண்டும், அவர்கள் மறுத்திருக்க வேண்டும் அல்லது பதில் சொல்லாமல் இருந்திருக்க வேண்டும். ‘இந்தம்மா இன்னும் மனுவே போடலையேப்பா, எதைப் பரிசீலிக்கச் சொல்லும் கோர்ட்டு?’ என்றார். அப்படியே வழக்குப் போட்டு வென்றாலும் பெரும்பாலும் கிடைப்பது, மனுதாரரின் விண்ணப்பத்தைச் சட்டப்படி இத்தனை வாரத்துக்குள் பரிசீலிக்க வேண்டும் என்ற உத்தரவுதான் என்பதையும், மறுப்பு வந்தாலும் முதலில் மேல்முறையீடு செய்யும் வழி ஏதாவது இருந்தால் ‘அங்கே போனீர்களா’ என்றுதான் நீதிபதி முதலில் கேட்பார் என்பதையும் அவர் எனக்குச் சொன்னார். அந்த வரைவை அப்படியே எடுத்துக்கொண்டு சென்னைக்கு என்னை இரண்டு ஆண்டுகள் அலையவைத்திருந்தாலும் எனக்குத் தெரிந்திருக்காது. மதுரைக் கிளை வந்தபோதும் கடலூர் மாவட்டம் சென்னையோடுதான் நின்றது. ஒவ்வொரு வாய்தாவுக்கும் ஒரு நாள் கிளினிக்கை மூட வேண்டியிருந்திருக்கும். வழக்கு வேண்டாம் என்று சொல்வதால் வருமானம் குறையும் தொழிலில் இருந்துகொண்டு அதைச் சொன்ன மனிதருக்கு என் மதிப்புரையில் முதல் இடம்.

காத்திருக்கும் அறையில் பார்த்தவையும் சேவையின் ஒரு பகுதியே. அங்கே மூன்று நெகிழி நாற்காலிகளும் ஒரு நீண்ட மரப் பெஞ்சும் உண்டு. ஒரு நாள் பண்ருட்டிப் பக்கத்திலிருந்து ஒரு பெரியவர் மகனோடு வந்திருந்தார். கல்லூரிப் படிப்பில்லாமல், அனுபவத்தின் பேரில் பல பத்தாண்டுகளுக்கு முன் பதிவு பெற்றவர். அவரைப் போன்றவர்களை 1973ஆம் ஆண்டுச் சட்டம் ஒதுக்கிவிடவில்லை. மாநிலப் பதிவேட்டில் ஏற்கெனவே பெயர் உள்ளவர்கள், அங்கீகரிக்கப்பட்ட பட்டம் இல்லை என்ற ஒரே காரணத்துக்காகத் தொழில் உரிமையை இழக்க மாட்டார்கள் என்று அதன் 15ஆம் பிரிவு பாதுகாப்புத் தந்தது. பதிவேடே இல்லாத மாநிலத்தில், சட்டம் வந்த நாளில் ஐந்து ஆண்டுக்குக் குறையாமல் தொழில் செய்துகொண்டிருந்தவர்களுக்கும் அதே பிரிவில் இடம் இருந்தது. மத்தியப் பதிவேட்டின் இரண்டாம் பாகம் இப்படிப்பட்டவர்களுக்காக ஏற்பட்டதுதான். பெரியவரின் உரிமையில் ஐயம் ஏதும் இல்லை. அந்த எண்ணிலேயே மகன் கிளினிக்கைத் தொடரலாமா என்பதே அவர்கள் கொண்டுவந்த கேள்வி.

மூத்தவர் இதற்கு ஒரே வரியில் பதில் சொன்னார்: ‘ஐயா, இது பட்டா இல்ல, பேர் மாத்தறதுக்கு.’ மகனுக்கு முகம் சுருங்கிவிட்டது. கேரளத்துப் பரம்பரை வைத்தியர்கள் தொடுத்த வழக்கில் 2018 ஏப்ரலில் உச்ச நீதிமன்றம், உரிய தகுதியும் பதிவும் இல்லாதவர்கள் பரம்பரையைக் காட்டி மருத்துவம் செய்ய முடியாது என்று தீர்த்ததை அவர் பொறுமையாக எடுத்துச் சொல்லி, கலந்தாலோசனைக் கட்டணத்தையும் வாங்காமல் அனுப்பினார். அந்தத் தீர்ப்பு சரியானதே. ஆனாலும் இரண்டு தலைமுறையாக ஒரே ஊரில் அந்தச் சிறிய வெள்ளை உருண்டைகளைத் தந்துவந்த வீட்டில் அன்று இரவு என்ன பேசியிருப்பார்கள் என்று பேருந்தில் வரும்போது நினைத்துக்கொண்டேன்.

மற்றொரு நாள் வந்த இளைஞர், ‘எலக்ட்ரோ ஓமியோபதி’ என்று அச்சடித்த சான்றிதழைச் சட்டமிட்டே கொண்டுவந்திருந்தார். பெயரில் ஓமியோபதி இருந்தாலும் இது சட்டம் அறிந்த ஓமியோபதி அன்று. எந்தப் பட்டியலிலும் இதற்கு இடமில்லை. அங்கீகாரமற்ற இத்தகைய முறைகளில் பட்டமோ பட்டயமோ தரக் கூடாது, அங்கீகரிக்கப்பட்ட முறைகளில் தகுதி பெற்றவர்கள் மட்டுமே டாக்டர் என்று போட்டுக்கொள்ளலாம் என்று 2003 நவம்பர் 25 அன்று மத்திய அரசு மாநிலங்களுக்குத் தெளிவாகவே எழுதியிருக்கிறது. ‘பணத்தைத் திருப்பிக் கேட்க வழி இருக்கான்னு பார்க்கலாம், பதிவுக்கு வழி கிடையாது’ என்று குமாஸ்தாவே சொல்லி அனுப்பிவிட்டார். இப்படிப்பட்டவரிடமும் ஏதாவது ஒரு மனுப் போட்டுப் பார்க்கலாம் என்று சொல்லிக் காசு பார்க்கும் இடங்கள் உண்டு என்று கேள்வி. இங்கே அது நடக்கவில்லை.

ஓமியோபதிக் கட்சிக்காரர் ஒவ்வொருவருக்கும் இந்த அலுவலகம் ஒரு தீர்ப்பின் ஜெராக்ஸ் நகலைக் கையில் கொடுக்கிறது. அதற்குக் காசு வாங்குவதில்லை. 1996 மே 10 அன்று உச்ச நீதிமன்றம் அளித்த தீர்ப்பு அது. 1992இல் பம்பாயில், ஓமியோபதிப் பட்டயம் மட்டுமே பெற்ற ஒருவர் காய்ச்சல்காரருக்கு அலோபதி மருந்து கொடுத்து, நோயாளி இறந்துபோனார். தெரியாத மருத்துவ முறையில் கைவைத்ததே கவனக்குறைவுதான், தனியாக நிரூபிக்க வேண்டியதில்லை என்று சொல்லி, இழப்பீடாக 3 லட்சம் ரூபாய் கொடுக்க உத்தரவிட்டது நீதிமன்றம். ஒரு மருத்துவ முறையில் அறிவில்லாமல் அதில் தொழில் செய்பவர் போலி மருத்துவரே என்ற வரிக்குக் கீழே மூத்தவரின் பச்சை மையில் கோடு போட்டிருந்தது. நகலைத் தந்துவிட்டு, ‘உங்க மேசை டிராயர்ல காய்ச்சல் மாத்திரை பட்டை ஏதாவது கிடக்கா?’ என்று கேட்டார். என் மகளுக்காக வாங்கி வைத்த பாராசிட்டமால் சிரப் ஒன்று கிளினிக் அலமாரியில்தான் இருந்தது. அன்று மாலையே வீட்டுக்குக் கொண்டுபோய்விட்டேன். பதிவு எண் எவ்வளவு சுத்தமாக இருந்தாலும், சோதனைக்கு வருபவர்கள் முதலில் பார்ப்பது அலமாரியைத்தான். இதில் என்னோடு படித்தவர்களில் சிலர் என்னோடு உடன்பட மாட்டார்கள்; கிராமத்தில் அவசரத்துக்குக் கொடுக்காமல் எப்படி என்பார்கள். என் கருத்தில் அது நோயாளிக்கும் நல்லதல்ல, எங்கள் முறைக்கும் நல்லதல்ல.

எனக்காகச் செய்யப்பட்ட வேலையைச் சொல்கிறேன். அவகாசம் முடிவதற்கு நான்கு நாள் முன்பே, சான்றுகளின் நகலோடு இரண்டு பக்க விளக்கக் கடிதம் போனது. அதில் ஒரு வார்த்தைகூட மொட்டைக் கடிதம் எழுதியவரைப் பற்றி இல்லை. நான் இருக்க வேண்டும் என்று கேட்டும் அவர் சேர்க்கவில்லை. பத்தாம் வகுப்புப் பெயரும் பட்டத்துப் பெயரும் ஆதார் பெயரும் ஒருவரையே குறிப்பவை என்று நோட்டரியின் முன் ஒரு பிரமாணப் பத்திரம் எழுதப்பட்டது. முன்பு 20 ரூபாய்ப் பத்திரத்தில் முடிந்த இந்த வேலைக்கு 2024 மே மாதத்திலிருந்து 200 ரூபாய்ப் பத்திரம் வேண்டும். அரசிதழில் பெயரை மாற்றிவிடலாமா என்று நான் கேட்டபோது மறுத்தார். இன்று பெயரை மாற்றினால், பட்டச் சான்றோடு இன்னொரு முறை பொருந்தாமல் போகும். பட்டத்தில் உள்ள பெயரையே பதிவேட்டிலும் பலகையிலும் போட்டுக்கொள்வதுதான் எளிது என்றார். பதினைந்து ஆண்டுகளாக நான் போட்ட கையெழுத்தைக்கூட மாற்ற வேண்டியதாயிற்று. கொஞ்சம் வருத்தம்தான்.

பிறகு கர்நாடகத்திலிருந்து தடையின்மைச் சான்று கேட்டு விண்ணப்பம், அது வந்ததும் தமிழ்நாட்டு மன்றத்துக்கு விண்ணப்பம் என்று வரிசையாக நடந்தது. கிளினிக் இருக்கும் இடத்துக்கு, 1997ஆம் ஆண்டின் தமிழ்நாடு மருத்துவ நிறுவனங்கள் ஒழுங்குமுறைச் சட்டத்தின் கீழ் தனியே பதிவு வேண்டும் என்பதையும், அதன் விதிகள் 2018இல் வந்தபின் ஆயுஷ் கிளினிக்குகளும் அதற்குள் அடங்கும் என்பதையும் இங்கேதான் முதன்முதலாக அறிந்தேன். முதற்பதிவு மருத்துவருக்கு, இரண்டாவது பதிவு இடத்துக்கு. முதலாவது சரியாகாமல் இரண்டாவதைத் தொட வேண்டாம் என்றார்கள், அப்படியே செய்தோம். மாலை நேரங்களில் புதுச்சேரியில் ஒரு தோழியின் கிளினிக்கில் நோயாளிகளைப் பார்க்கும் எண்ணம் எனக்கு இருந்தது. முள்ளோடையைத் தாண்டினால் யூனியன் பிரதேசம், தமிழ்நாட்டுச் சட்டம் அங்கே வராது, ஒரு சிக்கல் தீரும்முன் இரண்டாவது எல்லைக்குள் கால் வைக்காதீர்கள் என்று அதையும் நிறுத்திவைத்தார். ஒன்பதாம் மாத இறுதியில் தமிழ்நாட்டுப் பதிவு எண் கைக்கு வந்தது. மொட்டைக் கடிதத்தின் மேல் எடுத்த விசாரணை முடித்துவைக்கப்பட்டது என்ற தகவலும் ஒரு தனிக் கடிதத்தில் வந்தது.

இனிக் குறைகள். அவை சிறியவை அல்ல.

பிரமாணப் பத்திரத்தில் என் பதிவு எண்ணின் கடைசி இரண்டு இலக்கங்கள் இடம் மாறியிருந்தன. நான் கையெழுத்திட்டு, நோட்டரியும் முத்திரை குத்தி, உறையிலும் போட்டாகிவிட்டது. வீட்டுக்கு வந்து நகலைச் சும்மா புரட்டியபோதுதான் கண்ணில் பட்டது. பெயர் பொருந்தாததால் வந்த சிக்கலைத் தீர்க்க எழுதிய பத்திரத்திலேயே எண் பொருந்தவில்லை. இளையவரிடம் சொன்னபோது, தட்டச்சுப் பிழைதானே மேடம், திருத்திக் கையெழுத்துப் போட்டால் போதும் என்றார். மூத்தவர் கேள்விப்பட்டு, புதிதாகவே எழுத வேண்டும் என்றார். இரண்டாவது 200 ரூபாய்ப் பத்திரத்துக்கும் நோட்டரிக் கட்டணத்துக்கும் நான்தான் பணம் கொடுத்தேன். திருப்பித் தருவதாகச் சொன்னார்கள், தரவில்லை, நானும் இரண்டு முறைக்கு மேல் கேட்கவில்லை.

அதே பத்திரத்தின் ஆங்கிலப் படியில் ஓமியோபதி என்ற சொல் மூன்று விதமாக எழுதப்பட்டிருந்தது. சட்டத்தின் பெயரில் அந்தச் சொல்லின் நடுவே ஓர் எழுத்து கூடுதலாக வரும். அமெரிக்க எழுத்துக்கூட்டலில் வராது. தமிழ்க் கடிதத்திலும் ஒரு பத்தியில் ஓமியோபதி, அடுத்ததில் ஹோமியோபதி. இதனால் விண்ணப்பம் ஒன்றும் திரும்பிவிடவில்லை என்பது உண்மை. ஆனால் எழுத்துக்கு எழுத்துப் பொருந்த வேண்டும் என்று கட்சிக்காரருக்குப் பாடம் சொல்லும் இடத்தில் இது எரிச்சலைத் தந்தது.

கட்டணத்தில் தெளிவு போதாது. முதல் கலந்தாலோசனைக்கு 500 ரூபாய் என்று குமாஸ்தா சொல்லிவிடுகிறார். அதற்குப் பிறகு எது எவ்வளவு என்று எங்கும் எழுதியிருக்காது. பயன்படாமல் போன அந்த ரிட் வரைவுக்கும் கணக்கில் 4,000 ரூபாய் சேர்த்திருந்தார்கள். நான் கேட்காத ஒன்றை எழுதிவிட்டு, வேண்டாம் என்று அவர்களே முடிவெடுத்துவிட்டு, அதற்கும் கூலி கேட்பது எந்த நியாயத்தில் சேரும் என்று கேட்டேன். மூத்தவர் சிரித்துவிட்டுப் பாதியாகக் குறைத்தார். முழுவதும் நீக்கியிருக்க வேண்டும் என்பது இன்றும் என் எண்ணம். ரசீது கேட்டால் தருகிறார்கள், கேட்காவிட்டால் தருவதில்லை. தொலைபேசியை எடுப்பதில்லை; நீதிமன்ற நாட்களில் மாலை ஆறு மணிக்கு மேல்தான் பதில் அழைப்பு வரும், சில சமயம் மறுநாள்.

இப்படிக் கணக்குத் தகராறு வந்தபோது நான் புதிதாக ஒன்றைக் கற்றுக்கொண்டேன். மருத்துவர்களின் சேவை நுகர்வோர் சட்டத்துக்குள் வரும் என்று உச்ச நீதிமன்றம் 1995 நவம்பரிலேயே தீர்த்துவிட்டது. பணம் வாங்கிச் சிகிச்சை தரும் என்மேல் என் நோயாளி நுகர்வோர் ஆணையத்துக்குப் போகலாம். வழக்கறிஞரின் சேவை அந்தச் சட்டத்துக்குள் வராது என்று அதே நீதிமன்றம் 2024 மே 14 அன்று தீர்த்தது. ஆகவே நான் என் வழக்கறிஞர்மேல் அங்கே போக முடியாது. தொழில் ஒழுக்கக் கேடு என்றால் பார் கவுன்சிலில் புகார் செய்யலாம். 2,000 ரூபாய்க்கும் இரண்டு இலக்கங்களுக்கும் அவ்வளவு தூரம் போவதற்கில்லை. மூத்தவரிடமே இதைச் சொன்னேன். ‘நாங்க ரொம்பக் கொடுத்துவெச்சவங்க டாக்டரம்மா’ என்றார். கோபம் கொஞ்சம் தணிந்தது என்பதை ஒத்துக்கொள்ள வேண்டும்.

மொத்தச் செலவு, இரண்டு மாநிலங்களுக்கும் கட்டிய அதிகாரப்பூர்வக் கட்டணங்கள் நீங்கலாக, 14,000 ரூபாய்க்குள் முடிந்தது. தகவல் அறியும் உரிமைச் சட்டத்தின் கீழ் ஒரு மனுவும் நடுவில் போட்டோம். 10 ரூபாய் நீதிமன்ற வில்லை ஒட்டி, முப்பது நாளுக்குள் பதில் பெறும் அந்த மனுவை நானே எழுதியிருக்கலாம், அதற்கு 750 ரூபாய் கொடுத்தது என் சோம்பலுக்கு விலை. வெளிமாநிலப் பதிவை மாற்றுவது, பெயர்ப் பொருத்தம், பட்டயத்தின் கால எல்லை, பதிவை நீக்கப்போவதாக வந்த அறிவிப்புக்குப் பதில் எழுதுவது ஆகியவற்றுக்கு இந்த இடத்தைத் தயங்காமல் சொல்வேன். குற்ற வழக்காகவே பதிவாகிக் கைது வரை போய்விட்டவர்களுக்கு இவர்கள் பொருத்தமில்லை. அதை அவர்களே சொல்லி, குற்றவியல் வழக்கறிஞரிடம் அனுப்பிவிடுகிறார்கள். தமிழ்நாட்டிலேயே படித்து, தமிழ்நாட்டிலேயே பதிந்து, பெயரும் ஒரே மாதிரி இருப்பவர்களுக்கு வழக்கறிஞரே தேவையில்லை.

போகிறவர்கள் சனிக்கிழமை காலை பதினோரு மணிக்கு முன் போனால் மூத்தவரையே பார்க்கலாம். மற்ற நாட்களில் இளையவரிடம்தான் உட்கார வேண்டியிருக்கும், அவர் ரிட் மனுவை எழுதத் தொடங்கிவிடுவார். படிக்கட்டு செங்குத்தானது, கைப்பிடி ஒரு பக்கம் மட்டுமே உண்டு. அசல் சான்றுகளைக் கொடுத்தால் அதே இடத்தில் பட்டியல் எழுதிக் கையொப்பம் வாங்கிக்கொள்ளுங்கள். எழுதித் தரும் ஒவ்வொரு தாளிலும் உங்கள் எண்ணையும் பெயரையும் நீங்களே அடிக்கோல் வைத்துச் சரிபாருங்கள். என் பத்தாம் வகுப்புச் சான்றின் நகல் ஒன்று இன்னும் வேறு யாருடைய காகிதக் கட்டுக்குள்ளோ இருக்கிறது. என் கட்டுக்குள் யாரோ ஒரு சித்த மருத்துவரின் பயிற்சிச் சான்று நகல் வந்து சேர்ந்திருக்கிறது. அடுத்த முறை மஞ்சக்குப்பம் போகும்போது அதைத் திருப்பிக் கொடுக்க வேண்டும்.